ஒல்லாந்தருக்குக் கிடைத்த வசனம்

வீபே டொல்ஸ்மா இருபத்தேழு வருடங்களில் நாற்பத்திமூன்று டேனிஷ் படங்களில் நடித்தார். பத்தொன்பதில் செத்துப்போனார். மிச்சம் இருபத்துநாலிலும் மேசைக்குப் பின்னால் இருந்து கடதாசியில் முத்திரை குத்தினார். ஒன்றில்கூட அவர் வாய் திறக்கவில்லை. பத்தொன்பதில் அது இயல்பு. மற்ற இருபத்துநாலுக்கும் காரணம் அவருடைய டேனிஷ். ஒல்லாந்தில் பிறந்து, முப்பது வயதில் கடலில் மூழ்கிய மாலுமியாக ஒரே ஒரு காட்சியில் மிதப்பதற்காக டென்மார்க்குக்கு வந்தவர், திரும்பிப் போகவில்லை. அவர் டேனிஷ் கதைத்தால் கேட்கிறவர்கள் மரியாதையாக ஆங்கிலத்தில் பதில் சொன்னார்கள். ஆகவே இயக்குநர்கள் அவருக்கு வசனம் கொடுக்கவில்லை. விழுவதற்கு ஓர் இடம் காட்டினார்கள், அல்லது குத்துவதற்கு ஒரு முத்திரை கொடுத்தார்கள்.

இவ்வளவு நடித்தும் அந்த நாட்டில் அவரை நேரில் கண்டு அடையாளம் பிடித்தவர் ஒருவர்தான். மன்னார் அந்தோனிதாசன். அவரும் ஆள் மாறித்தான் பிடித்தார்.

அது 1988ஆம் ஆண்டு ஐப்பசி மாதம். ஸ்கீவ என்ற சின்ன நகரத்தில், மூன்றாம் மாடி வீடொன்றில் மூன்று பேர் இருந்தார்கள். அந்தோனிதாசனுக்கு முப்பத்திரண்டு வயது, பன்றி இறைச்சித் தொழிற்சாலையில் வேலை. அவருடைய மனைவி மேரிகிறேஸும் மகள் கிளோறியாவும் மன்னாரில். அவர்களைக் கூப்பிடுவதற்கு விண்ணப்பம் போட்டு இருபது மாதமாகிவிட்டது. பிள்ளைக்கு ஒரு வயதாக இருக்கும்போது வெளிக்கிட்டு வந்தவர். கடைசியாக வந்த கடிதத்தில் மேரிகிறேஸ் இப்படி எழுதியிருந்தாள்: “உங்கட படத்தைக் காட்டினால் ஆர் இந்த மாமா எண்டு கேக்கிறாள். நான் என்ன சொல்ல?”

மற்ற இருவரில் கந்தையா யாழ்ப்பாணக் கச்சேரியில், அதாவது மாவட்ட அரசாங்க அலுவலகத்தில், கிளாக்கராக இருந்தவர். அரசாங்கம் என்றால் என்னவென்று தனக்குத் தெரியும் என்பார். லோரன்ஸ் இளந்தாரி, டேனிஷ் வகுப்பில் முன்வாங்கு மாணவன், அகராதி வைத்திருந்தான்.

ஒரு சாயங்காலம் தொலைக்காட்சியில் செய்தி ஓடிக்கொண்டிருந்தது. செய்தி முடிந்து நாடகம் தொடங்கியதை மூவரும் கவனிக்கவில்லை. இரண்டிலும் கோட்டுப் போட்டவர்கள்தான் கதைத்தார்கள். ஒரு பெண் கண்ணீரோடு கடதாசி ஒன்றை நீட்டினாள். மேசைக்குப் பின்னால் இருந்த உத்தியோகத்தர் அதைப் பார்த்தார். கண்ணாடியைக் கழற்றினார். துடைத்தார். திரும்பப் போட்டார். முத்திரையை எடுத்து ஓங்கிக் குத்தினார்.

“குத்திப்போட்டான்!” என்று அந்தோனிதாசன் எழும்பியதில் கோப்பி கவிழ்ந்தது.

“ஆருக்கு?” என்று கேட்டபடி கந்தையா குசினியிலிருந்து வெங்காயத்தோடு ஓடிவந்தார்.

“அந்த மனுசிக்கு அண்ணை. ஒரு கேள்வி கேக்கேல்லை. பாத்தான், துடைச்சான், குத்தினான்.”

“உப்பிடி ஒருத்தன் உந்த நாட்டிலை இருக்கிறானோ?”

“இருக்கிறான். இடது காதுச் சோணை கிழிஞ்ச ஆள். நான் மறக்கமாட்டன்.”

மறக்கவில்லை. அடுத்த சனிக்கிழமை மத்தியானம், கட்டடத்தின் கீழே உடுப்புத் தோய்க்கிற அறைக்கு இறங்கிப் போனார். இரண்டாம் மெஷினுக்கு முன்னால் குந்தியிருந்து காலுறைகளைச் சோடி சேர்த்துக்கொண்டிருந்தது அந்தக் காது.

அந்தோனிதாசன் உடுப்புக் கூடையைக் கீழே வைத்தார். வகுப்பில் பாடமாக்கிய மரியாதை வசனத்தைத் தேடி எடுத்து, “மன்னிக்கவும், நான் உங்களுக்கு உதவி செய்யலாமா?” என்று டேனிஷில் கேட்டார். கேட்க நினைத்தது இதற்கு நேர் எதிர். காதுக்காரர் நன்றி சொல்லிவிட்டுக் காலுறைகளை நீட்டினார். பதினொரு காலுறை. இருவரும் சேர்ந்து சோடி சேர்த்தார்கள். ஒன்று மிஞ்சியது.

“நீங்கள்... தொலைக்காட்சியில்...” என்று சொல்லி, வலது கை முஷ்டியால் இடது உள்ளங்கையில் ஓங்கி ஒரு முத்திரை குத்திக் காட்டினார் அந்தோனிதாசன்.

வீபே டொல்ஸ்மாவின் கையிலிருந்து சவர்க்காரத் தூள் பெட்டி விழுந்தது. “உங்களுக்கு என்னைத் தெரியுமா?”

“தெரியும். நீங்கள் எந்த... எந்த...” அலுவலகத்துக்கு டேனிஷ் சொல் அந்த நேரம் பார்த்துத் தொண்டைக்குள் நின்றுவிட்டது. பதற்றத்தில் வீட்டுச் சொல்தான் வந்தது. “எந்தக் கந்தோர்?”

வீபே நிமிர்ந்தார். “திரும்பச் சொல்லுங்கள்.”

“கந்தோர்.”

“அது என்னுடைய தாயின் சொல். ஒல்லாந்து மொழி. உங்களுக்கு எப்படி வந்தது?”

எப்படி வந்ததென்று அந்தோனிதாசன் யோசித்தார். அவருடைய ஊரில் ஒல்லாந்தர் இருந்த கோட்டை இன்னும் இருக்கிறது. அதன் மதிலில் அவர் புறா பிடித்திருக்கிறார். கோட்டையை விட்டுப்போன ஒல்லாந்தர் சில சொற்களையும் கொண்டுபோக மறந்துவிட்டார்கள். இருநூறு வருடமாக ஊர் அவற்றை வைத்துப் பாவித்துக்கொண்டிருக்கிறது. இதைச் சொல்லுமளவுக்கு டேனிஷ் இல்லாததால், “நீங்கள் மறந்துபோனது” என்று மட்டும் சொன்னார்.

வீபே தன் தொழிலைச் சொன்னார். “ஸ்கூஸ்பிலர்.” அந்தோனிதாசன் தலையாட்டிவிட்டு மேலே ஓடினார்.

“ஸ்பிலர் எண்டால் விளையாடுறவன்,” என்றான் லோரன்ஸ். “முன்னுக்கு இருக்கிற ஸ்கூதான் விளங்கேல்லை, தாசண்ணை.”

“கந்தோர் ரீமுக்குப் பந்தடிக்கிறவர் போலை,” என்றார் கந்தையா. “கச்சேரியிலையும் அப்பிடி ஆக்கள் இருந்தவை. வேலை செய்யாயினம், ஆனால் கையெழுத்து வைப்பினம். விண்ணப்பக் கோப்பை எடுத்துக்கொண்டு போம், நிண்டு பாராமல்.”

போனார். வீபே அதே கட்டடத்தில் கீழே இருந்த தன் வீட்டில் கோப்பி வைத்து, விண்ணப்பக் கோப்பை மேசையில் ஒரு பக்கம் தள்ளிவிட்டு, படங்கள் ஒட்டிய புத்தகம் ஒன்றை ஆசையோடு விரித்தார். முதலாம் பக்கத்தில் அவர் தண்ணீரில் செத்து மிதந்தார். இரண்டாம் பக்கத்தில் தூக்கில் தொங்கினார். மூன்றாம் பக்கத்தில் பனியில் குப்புறக் கிடந்தார். அந்தோனிதாசன் சிலுவை போட்டுக்கொண்டார். ஏழாம் பக்கத்தில் முத்திரை குத்தினார், எட்டில் முதுகில் கத்தி. பன்னிரண்டாம் பக்கம் வந்தபோதுதான் விளங்கியது.

“நீங்கள் நடிகர்.”

“நாற்பத்திமூன்று படம்!”

“அந்த மனுசிக்கு நீங்கள் குத்தின முத்திரை?”

“ரப்பர் முத்திரை. அதில் ஒரு பசுவின் படம் இருந்தது.”

“மனுசி?”

“அவவும் நடிகைதான். இரண்டு நாயோடு இருக்கிறா. சுகமாக இருக்கிறா.”

அந்தோனிதாசன் கோப்பைக் கக்கத்தில் வைத்துக்கொண்டு கோப்பியைக் குடித்து முடித்தார். அழவில்லை. ஆனால் படியேறும்போது மூன்றாம் மாடி ஐந்தாம் மாடி மாதிரி இருந்தது.

அதற்குப் பிறகும் சனிக்கிழமைகளில் தோய்க்கிற அறையில் இருவரும் சந்தித்தார்கள். இருவருடைய டேனிஷும் ஒரே அளவு மோசம் என்பதால் ஒருவருக்கொருவர் நன்றாக விளங்கியது.

மார்கழியில் கோபன்ஹேகன் குடிவரவுக் கந்தோரிலிருந்து கடிதம் வந்தது. நாலாவது கடிதம். முன்பு வந்த மூன்றும் போலவே இதுவும் ஒரு வரி. லோரன்ஸ் அகராதி இல்லாமலே வாசித்தான். “உங்கள் மனைவியின் விடயம் பெஹான்லிங்கில் இருக்கிறது.”

பெஹான்லிங் என்ற சொல் அந்தோனிதாசனுக்கு நன்றாகத் தெரியும். போன வருடம் மீன் அடைத்த தகர ரின் திறக்கப்போய்ச் சுட்டுவிரலை வெட்டிக்கொண்டபோது ஆஸ்பத்திரியில் அவருக்குச் செய்தது பெஹான்லிங். சிகிச்சை. மூன்று கிழமை கட்டுப்போட்டு, கடைசி நாள் தாதி விரலைத் திருப்பித் திருப்பிப் பார்த்து, “ஃபெர்தி-பெஹான்லத்” என்று சொன்னாள். சிகிச்சை முடிந்தது, இனி வரத் தேவையில்லை என்று அர்த்தம். கடதாசிகளைக் கவனிப்பதற்கும் டேனிஷ்காரர் அதே சொல்லைத்தான் பாவிக்கிறார்கள் என்பதை வகுப்பில் அவர்கள் இன்னும் படிக்கவில்லை. அந்தப் பாடம் தை மாதத்தில் வர இருந்தது.

“நாலு தரமும் இதைத்தான் எழுதியிருக்கிறாங்கள்,” என்றார் அந்தோனிதாசன் மெதுவாக. “கடதாசிக்குச் சுகமில்லை.”

“கடதாசிக்கென்ன சுகமில்லாமல் வாறது?” என்றான் லோரன்ஸ். ஆனால் அகராதியைத் திறந்து பார்த்துவிட்டு மூடினான். அகராதியிலும் முதலாவது அர்த்தம் சிகிச்சைதான். அதற்குக் கீழே அவன் வாசிக்கவில்லை.

“ஏன் வராது? தொழிற்சாலையிலை ஒவ்வொரு பண்டிக்கும் டொக்டர் வந்து நாடி பாக்கிறார். அதுவும் செத்த பண்டிக்கு. இந்த நாட்டிலை கடதாசிக்கும் ஒரு ஆஸ்பத்திரி வாட்டு இருக்கும்.”

“இருபத்திரண்டு மாசமாய்ப் படுக்கையிலை கிடக்குதெண்டால் கசரோகமாத்தான் இருக்கும்,” என்றார் கந்தையா.

 விடிந்த பிறகு மூவரும் மேசையில் இருந்து ஒரு கடிதம் எழுதினார்கள். அந்தோனிதாசன் தமிழில் சொல்ல, லோரன்ஸ் அகராதியைப் புரட்டி டேனிஷ் ஆக்கினான்.

“கனம் ஐயா, எனது மனைவியின் கடதாசி உங்களிடம் இருபத்திரண்டு மாதமாகச் சிகிச்சையில் இருப்பதாக நாலாம் தடவையும் அறிந்து கவலைப்படுகிறேன். அதற்கு என்ன வருத்தம், என்ன நோய்? இரத்தம் தேவையென்றால் எனது இரத்தம் ஓ பொசிட்டிவ். வந்து பார்ப்பதற்கு நேரம் உண்டா? இறந்துவிட்டது என்றால் மறைக்காமல் சொல்லி உடலைத் தாருங்கள். எங்கள் முறைப்படி அடக்கம் செய்வோம். இப்படிக்கு, நோயாளியின் உறவினர், அந்தோனிதாசன்.”

எழுத்துப் பிழை பார்ப்பதற்குக் கடிதம் கீழே வீபேயிடம் போனது. அவர் ஒருமுறை வாசித்தார். ஒல்லாந்து மொழியிலும் அந்த ஒரே சொல்தான் இரண்டு வேலைக்கும். பிழை எங்கே என்று முதல் வரியிலேயே அவருக்குத் தெரிந்துவிட்டது. திருத்துவதற்கு வாய் திறந்தார். இரண்டாம் முறை வாசித்தார். வாயை மூடினார். இரண்டு காற்புள்ளியை மட்டும் இடம் மாற்றினார். அதுவும் பிழையான இடத்துக்கு.

“இதைத் தபாலில் போடவேண்டாம்,” என்றார். “தை மாதம் பத்தாம் திகதி எனக்குக் கோபன்ஹேகனில் படப்பிடிப்பு. நீங்களும் வாருங்கள். அந்தக் கந்தோரில் இதை நான் சொல்கிறேன்.”

“நீங்களோ?”

“இருபத்தேழு வருடத்தில் எனக்குக் கிடைத்த முதல் வசனம் இது.”

மேலே வந்து சொன்னதும் கந்தையா கைலியை இறுக்கிக் கட்டினார். “தாசன், நான் கச்சேரியிலை இருபது வருசம் இருந்தவன். அரசாங்கத்திட்டைக் கெஞ்சலாம். கேள்வி கேக்கப்படாது. கேட்டவன்ர கோப்பை நாங்கள் எங்கை வைக்கிறனாங்கள் தெரியுமோ?”

“எங்கை?”

“அலுமாரிக் காலுக்குக் கீழை, ஆடாமல் இருக்கக் கட்டையாய்.”

அந்தோனிதாசன் இரண்டு நாள் யோசித்தார். கந்தையா சொன்னது பொய்யில்லை. கடதாசிக்கு இப்போதாவது ஒரு இடம் இருக்கிறது. கேள்வி கேட்டு அதுவும் அலுமாரிக் காலுக்குக் கீழே போனால் மேரிகிறேஸுக்கு என்ன எழுதுவது? மூன்றாம் நாள் அவளுடைய கடிதத்தைத் திரும்ப எடுத்தார். ஆர் இந்த மாமா. இன்னும் இரண்டு வருடம் போனால் அந்தப் பிள்ளை கேட்பதையும் விட்டுவிடும்.

“கேப்பம் அண்ணை,” என்றார். “செத்துப்போச்செண்டாலும் தெரியவேணும்.”

ஒத்திகை தோய்க்கிற அறையில் நடந்தது. அதில் ஒரு சிக்கல். வீபே வசனத்தை நன்றாகவே சொன்னார். ஆனால் கடைசிச் சொல் முடிந்ததும், பழக்க தோஷத்தில் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு மெஷினில் சாய்ந்து, கண்ணைத் திறந்தபடி விழுந்து செத்தார். ஒவ்வொரு தரமும் செத்தார். நாலாம் மாடி டேனிஷ்கார அம்மா ஒருவர் உடுப்பு எடுக்க வந்து பார்த்துவிட்டுக் கூடையை விட்டுவிட்டு ஓடினார்.

“சாகாதேங்கோ ஐயா,” என்று கைகொடுத்துத் தூக்கினார் அந்தோனிதாசன். “எனக்கு விசாதான் வேணும்.”

தை பத்தாம் திகதி விடியற்காலை ரயில் ஏறினார்கள். வீபே முத்திரைப் படங்களில் போடுகிற கறுப்புக் கோட்டைப் போட்டிருந்தார். ரயில் கப்பலுக்குள் ஏறிக் கடலைக் கடந்தபோது அந்தோனிதாசன் செபமாலை சொன்னார். வீபே வசனம் சொன்னார். எதிரில் இருந்தவர் இருவரையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு வேறு பெட்டிக்குப் போனார்.

அந்தக் கந்தோரின் வாசற்காவலாளி வீபேயைக் கண்டதும் எழும்பி நின்றார். இருபத்துநாலு படங்களில் உத்தியோகத்தராக இருந்தவருடைய நடை உண்மையான உத்தியோகத்தருக்கு எங்கே வரப்போகிறது? வரிசையில் நின்றவர்களும் தாங்களாகவே விலகி வழிவிட்டார்கள். கண்ணாடித் தட்டிக்குப் பின்னால் நடுத்தர வயதுப் பெண் ஒருவர் இருந்தார்.

வீபே கண்ணாடியைக் கழற்றினார். துடைத்தார். போட்டார். பிறகு, கடதாசியைப் பாராமல், முழுவதையும் சொன்னார். என்ன வருத்தம் என்று கேட்டார். இரத்த வகையைச் சொன்னார். “உடலைத் தாருங்கள்” என்ற இடத்தில் குரல் தாழ்ந்தது. இருக்கைகளில் இருந்தவர்கள் எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள். வசனம் முடிந்தது. வீபேயின் கை நெஞ்சுக்குப் போவதை அந்தோனிதாசன் கண்டார். எட்டி முழங்கையைப் பிடித்துக்கொண்டார். வீபே ஆடி, நிமிர்ந்து, நின்றார். நாற்பத்திமூன்று படத்தில் செய்யாததைச் செய்தார். சாகாமல் ஒரு வசனத்தைச் சொல்லி முடித்தார்.

“வன் மோமென்ட், பிளீஸ்,” என்றார் அந்தப் பெண் ஆங்கிலத்தில். கடிதத்தை வாங்கிக்கொண்டு உள்ளே போனார்.

கொஞ்ச நேரத்தில் உள்ளே யாரோ சிரித்தார்கள். பிறகு இரண்டாம் அறையில் இன்னும் பெரிய சிரிப்பு. கடிதத்தை ஒவ்வொரு மேசையாக வாசித்துக்கொண்டு போகிறார்கள் என்பது சிரிப்பு நகர்ந்த விதத்தில் தெரிந்தது. மாடிப்படி ஏறி, மேல்மாடியிலும் சிரிப்புக் கேட்டது. அந்தோனிதாசனின் காது சூடாகியது. கந்தையா அண்ணை சொன்ன அலுமாரிக் கால் கண்முன் வந்தது.

பிறகு சிரிப்பு நின்றது. ஒரே நேரத்தில், எல்லா அறையிலும். மேலே இழுப்பறை ஒன்று திறக்கிற சத்தம். நெடுநாள் திறக்காத இழுப்பறை எப்படி முனகும் என்று அந்தோனிதாசனுக்குத் தெரியும்.

நரைத்த தலையோடு ஒருவர் கையில் கோப்புடன் கீழே இறங்கி வந்து, தட்டிக்கு அந்தப் பக்கம் நின்று அந்தோனிதாசனைப் பார்த்தார். சிரிக்கவில்லை. கோப்பின் மேல் இருந்த தூசியைக் கையால் தட்டினார். கோப்போடு திரும்பிப் போனார்.

“என்ன நடந்தது?” என்று கேட்டார் வீபே.

“வாட்டிலையிருந்து வெளியிலை எடுத்திட்டாங்கள்,” என்றார் அந்தோனிதாசன்.

படப்பிடிப்புக்கு அவர்கள் போய்ச் சேர்ந்தபோது மூன்று மணித்தியாலம் பிந்திவிட்டது. அந்தப் படத்தில் வேறொருவர் செத்துக்கொண்டிருந்தார். அவர் விழுந்த விதம் நன்றாக இல்லை என்று வீபே ரயிலில் வரும்போது ஒரே ஒருமுறை சொன்னார். பிறகு எந்தக் கம்பனியும் அவரைக் கூப்பிடவில்லை. கணக்கு நாற்பத்திமூன்றோடு நின்றது.

அந்த வருடம் தமிழரின் குடும்பக் கடதாசிகள் தூங்கிக் கிடந்த கதை டென்மார்க் முழுக்கப் பேச்சானது. பத்திரிகைகள் எழுதின, பாராளுமன்றத்தில் சத்தம் போட்டார்கள், சில வருடத்தில் ஒரு அரசாங்கமே அதனால் விழுந்தது. பத்திரிகைகள் ஒன்றிலும் ஒல்லாந்துக்காரர் பெயர் இல்லை. அதற்காக ஸ்கீவத் தமிழர் பத்திரிகைகளைக் குறை சொல்லவில்லை. பத்திரிகைக்காரர் அன்றைக்கு அந்த வரிசையில் நிற்கவில்லை, அவ்வளவுதான்.

சித்திரையில் ஐந்தாவது கடிதம் வந்தது. லோரன்ஸ் அகராதியோடு வந்தான். அந்தோனிதாசன் கைகாட்டி நிறுத்தினார். கடிதத்தின் கடைசி வரியில் தாதி சொன்ன அதே சொல் இருந்தது. ஃபெர்தி-பெஹான்லத்.

“சுகமாயிட்டுது,” என்றார். சுட்டுவிரல் தழும்பைத் தடவிக்கொண்டே அவர் இருந்ததை மற்ற இருவரும் பார்த்தும் பார்க்காத மாதிரி இருந்தார்கள்.

“என்ன வருத்தமாம்?” என்று கேட்டார் கந்தையா.

“அது எழுதேல்லை அண்ணை.”

“எழுதமாட்டாங்கள். நாங்களும் எழுதுறேல்லை.”

ஆனியில் விமான நிலையத்துக்கு நாலு பேரும் போனார்கள். வீபே கறுப்புக் கோட்டோடுதான் வந்தார். கதவு திறந்தது. மேரிகிறேஸ் ஒரு கையில் பையும் மறு கையில் நாலு வயதுப் பிள்ளையுமாக வந்தாள். முன்னால் நின்ற கறுப்புக் கோட்டைக் கண்டாள். இன்னும் ஒரு உத்தியோகத்தர் என்று நினைத்து, களைத்துப்போன முகத்தோடு கடவுச்சீட்டை நீட்டினாள்.

வீபே அதை வாங்கினார். கண்ணாடியைக் கழற்றினார். துடைத்தார். போட்டார். முஷ்டியை ஓங்கித் தன் உள்ளங்கையில் ஒன்று குத்தி, கடவுச்சீட்டைத் திருப்பிக் கொடுத்தார். அப்போதுதான் மேரிகிறேஸ் அவருக்குப் பின்னால் நின்ற ஆளைக் கண்டாள். பை கீழே விழுந்தது.

தாயும் தகப்பனும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டு நின்றதில் பிள்ளையைக் கொஞ்ச நேரம் யாரும் கவனிக்கவில்லை. பிள்ளை ஒரு காலில் நின்றது, மறு காலில் நின்றது. கால்களைப் பின்னிக்கொண்டது. தாயின் சட்டையை இழுத்துப் பார்த்தது. கடைசியில் பக்கத்தில் நின்ற கறுப்புக் கோட்டை இழுத்தது.

“கக்கூசு,” என்றது.

வீபே டொல்ஸ்மா அசையாமல் நின்றார். அவருடைய தாய் வீட்டில், முற்றத்துக்கு அப்பால் இருந்த பலகைக் கொட்டிலுக்கு அதே பெயர்தான். ஐம்பது வருடமாக அந்தச் சொல்லை ஒருவரும் அவரிடம் சொன்னதில்லை. ஒல்லாந்தர் கோட்டையில் மறந்துவிட்டுப்போன இன்னொன்று.

அவர் குனிந்து, கையை நீட்டி, மண்டபத்தின் அந்தப் பக்கத்தைக் காட்டினார். “கக்கூசு?” என்று தெளிவாகக் கேட்டார்.

“ஓம்,” என்றது பிள்ளை, அவருடைய விரலைப் பிடித்தபடி.

அந்தோனிதாசனைத் தவிர்த்தால், அவர் கதைத்து ஒருவர் ஆங்கிலத்தில் பதில் சொல்லாதது அந்த நாட்டில் அதுதான் முதல் தடவை.